கடைசித் தொகுப்புக்கு ஒரு வீட்டு முகவரி
(பத்தாம் ஆண்டு நிறைவு விழாவில் ஆற்றிய உரை)



கவிதை பேச வேண்டிய மேடையில் ஒரு ராக் இசைக்குழுவைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். வல்லத்தில் ராக் இசைக்கு என்ன வேலை என்று நீங்கள் கேட்கலாம். சில மாதங்களாக நம்மிடையே நடந்துவரும் ஒரு வாதத்திற்கு விடை தேடிப்போன இடத்தில்தான் அந்த இசை எனக்குக் கிடைத்தது.

குழுவின் பெயர் இந்தியன் ஓஷன். 1990இல் தில்லியில் கிதார்க் கலைஞர் சுஸ்மித் சென்னும், தபலா வாசித்துக்கொண்டே பாடும் அஷீம் சக்ரவர்த்தியும் தொடங்கியது. பின்னர் ராகுல் ராமும் அமித் கிலாமும் சேர்ந்து நால்வராயினர். மேனாட்டு ராக் இசையை நகலெடுப்பதில் அவர்களுக்கு நாட்டமில்லை. நர்மதைக் கரை மக்களின் பாட்டையும், கேரளத்துச் சிரியன் கிறித்தவர்களின் அராமிய வழிபாட்டுப் பாடலையும் தம் இசைக்குள் அழைத்து வந்தனர். 2000இல் வெளிவந்த 'கண்டீசா' தொகுப்பு அவர்களை நாடறியச் செய்தது. உருதுப் புதுக்கவிதையின் முன்னோடி ராஷித்தின் கவிதைக்கும் அவர்கள் இசை அமைத்தனர் என்பது கவிஞர்கள் கருதத்தக்கது.

2009 டிசம்பர் 25 அன்று அஷீம் மறைந்தார். அடுத்த தொகுப்புக்கான பாடல்கள் அவர் குரலில் பதிவாகியிருந்தன. மற்ற மூவரும் 2010 ஜூலை முதல் மாதத்திற்கு ஒன்றாக ஏழு பாடல்களை இணையத்தில் விலையின்றி வெளியிட்டனர். தொகுப்பின் பெயர் '16/330 கஜூர் ரோடு'. கரோல் பாக்கில் அவர்கள் ஆண்டுக்கணக்கில் கூடிப் பயின்ற பழைய வீட்டின் முகவரி அது! அந்த நால்வரின் கடைசித் தொகுப்புக்கு அவர்கள் கூடியிருந்த இடமே பெயராயிற்று.

இனி நம் வாதத்திற்கு வருகிறேன். சென்ற ஆண்டு மறைந்த நம் மூத்த தோழரின் குறிப்பேட்டில் ஏரியைப் பற்றிய நெடுங்கவிதை ஒன்று பாதியில் நிற்கிறது. அதை முடித்து மலரில் வெளியிடுவதே அவருக்குச் செய்யும் மரியாதை என்கின்றனர் இளைய நண்பர்கள். அவர்களுடைய அன்பை நான் ஐயுறவில்லை. ஆயினும் உடன்பட இயலவில்லை.

அஷீமின் நண்பர்கள் அவருடைய குரலைச் சுற்றித் தம் கருவிகளை ஒலிக்கச் செய்தனர். அவர் பாடியதை அவர் குரலிலேயே விட்டனர். நாமும் எழுத்துப்பிழை திருத்தலாம், நல்ல தாளில் அச்சிடலாம். அவர் எழுதாத அடியை எழுத நமக்கு உரிமையில்லை. அடி எங்கே நின்றதோ அங்கே நிற்கட்டும். எஞ்சிய பக்கம் வெறுமையாகவே இருக்கட்டும். அந்த வெறுமையும் அவருடையதே.

அப்படியானால் வட்டம் துக்கத்திலேயே உறைந்துவிட வேண்டுமா? இல்லை. அஷீமின் இடத்திற்கு இருவர் வந்தனர். ஹிமான்ஷு ஜோஷி பாடினார். துஹீன் சக்ரவர்த்தி தபலா வாசித்தார். 2013இல் சுஸ்மித் சென்னும் விலகினார். அதன் பின்னரும் 2014இல் 'தாண்டனு', 2023இல் 'து ஹை' என்று தொகுப்புகள் வந்தன. பழைய குரலைப் போலி செய்யாததால்தான் புதிய குரலுக்கு இடம் கிடைத்தது என்பது என் துணிபு.

நம் தோழரும் இரண்டு வேலைகளைச் செய்தார். கூட்டக் குறிப்பேட்டை எழுதினார். வெளியூர்க் கவிஞர்கள் அஞ்சலில் அனுப்பும் கவிதைகளை உரக்க வாசித்தார். அவர் போனபின் குறிப்பேட்டில் ஒரு பக்கம்கூட நிரம்பவில்லை. வந்த கவிதைகள் உறை பிரிக்கப்படாமல் கிடக்கின்றன. கவிதையை முடிக்க முன்வந்த இளைஞர்களுள் ஒருவர் அந்தக் குறிப்பேட்டை ஏற்கட்டும். மற்றொருவர் அந்த உறைகளைப் பிரித்து வாசிக்கட்டும். நாம் கூடும் திண்ணை அதே திண்ணைதான். அடுத்த ஞாயிறு அங்கே அவர்களுக்காகக் காத்திருப்பேன்.