தாளும் வேண்டும், சங்கமும் வேண்டும்

(சாந்த்ராகாச்சியில் நடந்த குடும்பக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



போன மாதம் நம்மவர் வீட்டு அம்மா ஒருவர் என்னைத் தேடி வந்தார். அவர் புருஷன் ஒரு காண்ட்ராக்டரிடம் 19 வருஷம் தண்டவாள வேலை பார்த்து இறந்துபோனவர். பி.எஃப். பணத்துக்கு மனு எழுத உட்கார்ந்தோம். கணக்கு நம்பர் இல்லை. சம்பளச் சீட்டு ஒன்றுகூட இல்லை. "கூலியைக் கையில குடுப்பாங்க, வாங்கிட்டு வருவாரு" என்றார். பேனாவை மூடி வைத்தேன்.

இது நமக்கு மட்டும் நேர்ந்ததல்ல. உலகப் போரின்போது அமெரிக்காவில் ஆள் பஞ்சம். 1942-ல் மெக்சிகோவோடு ஒப்பந்தம் போட்டுக் கூலியாட்களை அழைத்தார்கள். 'பிராசெரோ' என்பது அவர்களுக்குப் பெயர். பெரும்பாலோர் வயலுக்குப் போனார்கள். ரயில் பாதை வேலைக்கே, 1943 முதல் 1945 வரை, ஒரு லட்சம் பேருக்கு மேல் போனார்கள். நம் கேங்மேன் செய்யும் அதே வேலை! கூலியில் 10 சதவீதம் பிடித்து, ஊர் திரும்பியதும் தருவோம் என்றார்கள். பலர் அந்தப் பணத்தைக் கண்ணால் பார்க்கவில்லை. கிழவர்களும் அவர்கள் பிள்ளைகளும் பல வருஷம் போராடிய பிறகு, 2005-ல் மெக்சிகோ அரசு ஆளுக்கு 38,000 பெசோ தர முன்வந்தது. ஆனால் அசல் ஒப்பந்தத் தாளைக் கொண்டு வா என்றது. அறுபது வருஷத்துத் தாளுக்கு அவர்கள் எங்கே போவார்கள்?

இலங்கை மலையகத்தில் நம் இனத்தார் கதையும் இதுதான். தேயிலையை வளர்த்தவர்களிடம், "உன் தகப்பன் இங்கே பிறந்ததற்குச் சான்று காட்டு" என்றது 1948-ன் குடியுரிமைச் சட்டம். ஏறக்குறைய 7 லட்சம் பேர் நாடற்றவர் ஆனார்கள். 1964-ல் சாஸ்திரியும் சிறிமாவோவும் அவர்களைத் தலையெண்ணிப் பங்கு போட்டார்கள்: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. அந்தத் தொழிலாளியை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

உழைக்கும்போது நம் கையைப் பார்க்கிறார்கள். உரிமை கேட்கும்போது தாளைப் பார்க்கிறார்கள். ஆகவே தாய்மார்களே, பிள்ளை பிறந்தால் 21 நாளுக்குள் பதிவு செய்யுங்கள். சம்பளச் சீட்டு, பி.எஃப். நம்பர், ரேஷன் அட்டை எல்லாவற்றையும் ஒரே டிரங்குப் பெட்டியில் வையுங்கள். நகல் ஒன்றைச் சங்கத்தில் கொடுங்கள்.

தாள் இல்லாதவர் கதி? மெக்சிகோக் கிழவர்கள் கூட்டமாகக் கேட்டதால்தான் அந்த அளவாவது கிடைத்தது. தொழிலாளி பேரில் பி.எஃப். கட்ட வேண்டிய கடமை காண்ட்ராக்டருடையது. கட்டாதது அவர் குற்றம், அந்த அம்மாவின் குற்றமல்ல. அவர் புருஷனோடு வேலை பார்த்தவர்கள் இந்தக் கூட்டத்திலும் இருக்கிறீர்கள். ஞாயிற்றுக்கிழமை சங்கத்துக்கு வந்து சாட்சிக் கையெழுத்துப் போடுங்கள். மூடிய பேனாவை அன்றைக்குத் திறக்கிறேன்.