ஒரு உயிருக்குக் கணக்கு உண்டா?

(ஆதரவாளர்கள் கூடுகையில் நமது மருத்துவமனையின் சமூகப் பணிப் பிரிவுச் சகோதரி ஆற்றிய உரை)



விபத்தில் இறந்தவருடைய குடும்பத்துக்கு எவ்வளவு பணம் கேட்பது நியாயம்? இன்று அதைப் பற்றிப் பேசலாம் என்று வந்திருக்கிறேன். மரண வீட்டில் பணப்பேச்சு எதற்கு என்று சிலருக்குத் தோன்றலாம். எனக்கும் முன்பு அப்படித்தான் தோன்றியது.

சில வருடங்களுக்கு முன் ஒரு கொத்தனார் வேன் மோதி இறந்தார். பிணவறை வாசலிலேயே வேன்காரர் அனுப்பிய ஆள் வந்து ஐம்பதாயிரம் ரூபாயைக் கொடுத்து, ஒரு தாளில் அவர் மனைவியிடம் கைநாட்டு வாங்கிப் போய்விட்டார். அதோடு எல்லாம் முடிந்தது என்றே அந்தத் தங்கை நம்பியிருந்தார். பிள்ளைக்குக் காய்ச்சல் என்று வெகுநாள் கழித்து வந்தபோதுதான் எங்களுக்கே விஷயம் தெரிந்தது.

அவருக்கு எவ்வளவு கிடைத்திருக்க வேண்டும்? உச்ச நீதிமன்றம் 2009-இல் சரளா வர்மா வழக்கிலும், 2017-இல் பிரணய் சேத்தி வழக்கிலும் இதற்கு ஒரு கணக்கு முறை வகுத்திருக்கிறது. ஓர் உதாரணம் போட்டுப் பார்ப்போம்.

வயது 32. மாத வருமானம் 12,000 ரூபாய். மனைவி, இரண்டு பிள்ளைகள், வயதான தாய் என நான்கு பேர் அவரை நம்பியிருந்தார்கள். சொந்தமாகத் தொழில் செய்பவர் நாற்பது வயதுக்குள் இருந்தால், எதிர்கால உயர்வுக்காக நூற்றுக்கு நாற்பது கூட்ட வேண்டும். அப்போது மாதம் 16,800, வருடத்துக்கு 2,01,600. நம்பியிருப்பவர்கள் நான்கு முதல் ஆறு பேர் என்றால், இறந்தவரின் சொந்தச் செலவுக்கென்று கால் பங்கு கழிப்பார்கள். மீதி 1,51,200. முப்பத்தொன்று முதல் முப்பத்தைந்து வயது வரை இதைப் பதினாறால் பெருக்க வேண்டும். வருவது 24,19,200 ரூபாய். இறுதிச் சடங்குச் செலவு, துணையை இழந்த துயரம் போன்றவற்றுக்கு உரிய தொகையும், வட்டியும் இதற்கு மேல்.

ஐம்பதாயிரம் எங்கே, இருபத்துநான்கு லட்சம் எங்கே!

சம்பாதிக்காத தாய் இறந்தால் ஒன்றும் கிடையாது என்று நினைக்க வேண்டாம். வீட்டு வேலைக்கும் ஒரு வருமானம் வைத்துக் கணக்கிட வேண்டும், அதற்கும் எதிர்கால உயர்வு உண்டு என்று 2021-இல் கீர்த்தி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. சமைத்து, துவைத்து, பிள்ளை வளர்த்த கைகளுக்கும் விலை உண்டு.

மோதிய வண்டி எது என்றே தெரியாமல் போனாலும், 2022 ஏப்ரல் முதல் மரணத்துக்கு இரண்டு லட்சம் ரூபாய் கிடைக்க அரசுத் திட்டம் இருக்கிறது.

ஆனால் கணக்கு சரியாக வருவது காகிதங்களைப் பொறுத்தது. முதல் தகவல் அறிக்கை, பிரேதப் பரிசோதனைச் சான்றிதழ், வயதுக்கு ஒரு சான்று, வருமானத்துக்கு ஒரு சான்று, வாரிசுச் சான்றிதழ் எல்லாம் வேண்டும். கூலிக்காரருக்குச் சம்பள ரசீது ஏது? மேஸ்திரியின் சாட்சியோ, வேலைக் கணக்கு எழுதிய நோட்டோ கைகொடுக்கும். நம் மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டில் நேரமும் இடமும் பிழையின்றி எழுதப்படுவதும் இதனால்தான் முக்கியம்.

வக்கீலுக்குப் பணமில்லையே என்று பெண்கள் அழுவார்கள். மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் பெண்களுக்கு, வருமானம் எவ்வளவாக இருந்தாலும், இலவச உதவி உண்டு. தாமதம் மட்டும் கூடாது. விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் மனுச் செய்ய வேண்டும் என்று இப்போதைய சட்டம் சொல்கிறது.

அந்தக் கொத்தனாரின் மனைவிக்கு அன்று தேவைப்பட்டது பெரிய உதவி அல்ல. "தங்கச்சி, இன்றைக்கு எதிலும் கையெழுத்துப் போடாதே" என்று சொல்ல ஓர் ஆள் போதும். அந்த வாசலில் அன்று நாங்கள் ஒருவரும் நிற்கவில்லை. அந்தக் குறை இன்றும் என் மனதில் இருக்கிறது.

நீங்கள் கொடுக்கும் காணிக்கை மருந்துக்கு உதவுகிறது. அதோடு, உங்கள் தெருவில் இப்படி ஒரு மரணம் நேர்ந்தால் அந்த வீட்டுக்குப் போங்கள். பக்கத்தில் உட்காருங்கள். காகிதங்களை ஒரு பையில் போட்டுப் பத்திரப்படுத்திக் கொடுங்கள். தீர்ப்பாயத்துக்குப் போகும் நாளில் கூடவே பஸ் ஏறுங்கள்.

போன உயிருக்குக் கணக்கு இல்லை. இருக்கும் பிள்ளைகளின் சோற்றுக்கும் படிப்புக்கும் கணக்கு உண்டு.