முகத்திமாவும் கடைத்தெருவும்

  

மொழிபெயர்ப்பு நூல்களைப் பற்றிப் பேசப் போகிறேன் என்றதுமே, கடையைச் சாத்திவிட்டு வந்திருக்கும் சிலருடைய முகத்தில் சலிப்பு தெரிகிறது. "நமக்கு எதற்கு பாய் இதெல்லாம்? அது காலேஜ் பிள்ளைகள் சமாச்சாரம்" என்று நீங்கள் மனதுக்குள் சொல்வது என் காதில் விழுகிறது. கொஞ்சம் பொறுத்துக் கொள்ளுங்கள். நான் எடுத்துக் கொண்டிருக்கும் நூலில் கொள்முதல் இருக்கிறது, விற்பனை இருக்கிறது, வரி இருக்கிறது, பதுக்கல் இருக்கிறது. எந்தச் சரக்கை எவ்வளவு தூரம் கொண்டு போனால் லாபம் என்பதும் இருக்கிறது. எழுதியவர் 1406இல் மறைந்துவிட்டார் என்பதால் உங்களுக்குப் போட்டியாகவும் வர மாட்டார்!

அவர்தான் இப்னு கல்தூன். 1332இல் துனிஸ் நகரில் பிறந்தவர். இளம் வயதிலேயே கொள்ளை நோயில் தாய் தந்தையரைப் பறிகொடுத்தவர். வட ஆப்பிரிக்காவிலும் கிரனடாவிலும் அரசர் மாற்றி அரசரிடம் வேலை பார்த்தார், சிறையும் கண்டார். கடைசியில் அரசியலே வேண்டாமென்று இன்றைய அல்ஜீரியாவிலுள்ள ஒரு கோட்டையில் ஒதுங்கினார். அங்கே 1377இல் ஐந்தே மாதங்களில் எழுதி முடித்ததுதான் முகத்திமா. முன்னுரை என்று பொருள். உலக வரலாறு ஒன்றுக்கு எழுதிய முன்னுரை, அந்த வரலாற்றை விடப் பெரும் பெயர் பெற்றுவிட்டது.

அரசுகள் ஏன் எழுகின்றன, ஏன் விழுகின்றன என்று அவர் கேட்டார். அதற்கு அரண்மனையை மட்டும் பார்க்கவில்லை, கடைத்தெருவையும் பார்த்தார். ஓர் அரசு இளமையாக இருக்கும்போது வரி விகிதம் குறைவு, வசூல் அதிகம். முதுமையடையும்போது வரி விகிதம் ஏறுகிறது, வசூல் இறங்குகிறது. உழைத்தாலும் மிச்சமில்லை என்று தெரிந்ததும் விவசாயியும் வியாபாரியும் கையைக் கட்டிக் கொள்கிறார்கள் என்பது அவர் காட்டும் காரணம். அரசனே வியாபாரத்தில் இறங்கினால் என்ன ஆகும் என்பதற்குத் தனிப் பகுதியே உண்டு. அவன் மலிவாகப் பிடுங்குவான், விலையேற்றித் தலையில் கட்டுவான். அவனோடு போட்டியிட முடியாமல் சிறு வணிகன் முதலையே இழப்பான். முடிவில் வரி கொடுக்க ஆளின்றி கஜானாவும் காலியாகும்.

வணிகப் பெருமக்களே, உடனே கை தட்டி விடாதீர்கள்! உங்களைப் பற்றியும் அவர் எழுதியிருக்கிறார். வியாபாரம் என்றால் குறைந்த விலைக்கு வாங்கி அதிக விலைக்கு விற்பது. அதற்குப் பேரமும் சாமர்த்தியமும் வழக்காடும் துணிச்சலும் வேண்டும். இவை நாளடைவில் மனிதனின் பெருந்தன்மையைத் தேய்த்துவிடும் என்கிறார். தானியத்தைப் பதுக்குவதால் கிடைக்கும் லாபம் நிலைக்காது என்றும் சொல்கிறார். வயிறெரிந்து காசு கொடுத்தவர்களின் மனம் அந்தக் காசையே சுற்றிக் கொண்டிருக்குமாம். மண்டி வைத்திருப்பவர்கள் இந்த இடத்தை இரண்டு முறை படிக்கலாம்.

இனி மொழிபெயர்ப்புக்கு வருகிறேன்.

1981 அக்டோபரில் அமெரிக்க ஜனாதிபதி ரொனால்ட் ரீகன் பத்திரிகையாளர்களிடம் பேசும்போது இப்னு கல்தூனின் பெயரைச் சொன்னார். தன்னுடைய வரிக் குறைப்புக் கொள்கைக்கு ஆதாரமாகத்தான்! அறுநூறு ஆண்டுகளுக்கு முந்திய ஓர் அரபு நூல் வெள்ளை மாளிகை வரை போனது எப்படி? பிரான்ஸ் ராசென்தால் என்ற அறிஞர் 1958இல் அதை முழுவதுமாக ஆங்கிலத்தில் மூன்று பாகங்களாகக் கொண்டு வந்ததால். 1967இல் அதற்கு ஒரு சுருக்கப் பதிப்பும் வந்தது.

ஆனால் ரீகன் சொன்னது பாதிதான். அதே முகத்திமாவில், அரசாங்கம்தான் எல்லாவற்றிலும் பெரிய சந்தை என்றும் வருகிறது. அரசன் பணத்தை முடக்கிக் கொண்டு, கொடுக்க வேண்டியதைக் கொடுக்காமல் விட்டால், அவனைச் சார்ந்தவர்களின் செலவு குறையும், கடைத்தெரு படுக்கும், வரியும் விழும். வரியைக் குறை என்ற பக்கத்தைப் படித்தவர்கள், செலவை நிறுத்தாதே என்ற பக்கத்தைத் தாண்டிப் போய்விட்டார்கள். மேற்கோளை நம்பிப் பேசுகிறவர்கள் எல்லாருக்கும் இதுதான் கதி, அவர் ஜனாதிபதியாக இருந்தாலும் சரி, நமது மேடைப் பேச்சாளராக இருந்தாலும் சரி. எனவே சுருக்கத்தைப் படித்தால், அது சுருக்கம் என்று தெரிந்து படியுங்கள்.

இன்னொன்றையும் கவனியுங்கள். முகத்திமாவைப் பிரெஞ்சு மொழியில் 1860களில் கொண்டு வந்தவர் தெ ஸ்லான். பெரும் அறிஞர், சந்தேகமில்லை. ஆனால் அவர் அல்ஜீரியாவில் பிரெஞ்சு ராணுவத்தின் மொழிபெயர்ப்பாளராகவும் இருந்தவர். 1830இல் அல்ஜியர்ஸைப் பிடித்த பிரான்ஸுக்கு அந்த மக்களைப் புரிந்து கொள்ள ஒரு நூல் தேவைப்பட்டது. அரபு நாடோடிகள் நகரங்களைச் சீரழித்ததாக இப்னு கல்தூன் எழுதிய பகுதிகளை எடுத்து, "அரபுகள் நாசக்காரர்கள், பெர்பர்கள் வேறு, அரபுகள் வேறு" என்று பிரித்துப் பேசக் காலனிய எழுத்தாளர்களுக்கு அது கை கொடுத்தது. அவர் அந்த இடங்களில் பாலைவன வாழ்க்கை முறையைப் பற்றிப் பேசினாரா, ஓர் இனத்தைப் பற்றிப் பேசினாரா என்பது அறிஞர்களிடையே பெரிய விவாதம். ஆட்சியாளனுக்கோ விவாதம் தேவையில்லை, ஒரு வரி கிடைத்தால் போதும்.

இது இப்னு கல்தூனுக்கே தெரிந்த விஷயம்தான். 1401இல் தைமூர் டமாஸ்கஸை முற்றுகையிட்டிருந்தபோது, கோட்டைச் சுவரிலிருந்து கயிற்றில் இறங்கிப் போய் அவனைச் சந்தித்தார். நடுவில் ஒரு துபாஷி. மேற்கு நாடுகளைப் பற்றி எழுதித் தரும்படி தைமூர் கேட்டான். எழுதிக் கொடுத்தார். உடனே அதைத் தன் மொழியில் பெயர்க்க உத்தரவிட்டான். படையெடுத்தவன் கேட்டது பொன்னையல்ல, ஒரு மொழிபெயர்ப்பை!

இளைஞர்களே, உங்களுக்கு ஒரு சொல்லைத் தருகிறேன். அஸபிய்யா. முகத்திமாவின் உயிர்நாடியே இந்தச் சொல்தான். ஒரு கூட்டத்தாரை ஒருவருக்காக ஒருவர் நிற்க வைக்கும் உணர்வு. அது இருக்கும்வரை அரசு எழும், அது தேய்ந்தால் அரசு விழும் என்பது அவர் கொள்கை. ராசென்தால் இதை ஆங்கிலத்தில் குழு உணர்வு என்ற பொருளில் தந்தார். தமிழில் எப்படிச் சொல்வீர்கள்? இனப்பற்று என்றால் ஓர் அர்த்தம். இனவெறி என்றால் நேர் எதிரான அர்த்தம். மதரஸாவில் ஓதியவர்களுக்குத் தெரியும், ஹதீஸ்களில் அஸபிய்யா கண்டிக்கப்பட்டிருக்கிறது. அதை மட்டும் மனதில் வைத்து இனவெறி என்று மொழிபெயர்த்தால் நூல் முழுவதும் தலைகீழாகிவிடும். இப்னு கல்தூன் அந்தக் கண்டனத்தை மறைக்கவில்லை. அநியாயத்துக்குத் துணை போகும் அஸபிய்யாதான் கண்டிக்கப்பட்டது, நியாயத்தை நிலைநாட்டவும் அது தேவை என்று வாதிடுகிறார். என்னைக் கேட்டால் அந்தச் சொல்லை அப்படியே வைத்து, முதல் முறை வரும்போது ஒரு பத்தி விளக்கம் தருவதே மேல். வக்ஃபு, ஜமாஅத் என்பவற்றை நாம் அப்படியே புழங்கவில்லையா?

இதைச் செய்ய அரபும் தெரிய வேண்டும், தமிழும் தெரிய வேண்டும், பொருளாதாரமும் வரலாறும் தெரிய வேண்டும். நம்மிடம் அரபு தெரிந்தவர் ஒரு கட்டிடத்தில் இருக்கிறார், வரலாறு படித்தவர் வேறொரு கட்டிடத்தில் இருக்கிறார். இருவரும் கல்யாணப் பந்தலில்தான் சந்திக்கிறார்கள்!

முடியாத காரியம் என்று சொல்லாதீர்கள். சென்னைப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த முகம்மது ஹுசைன் நயினார் செய்து காட்டியிருக்கிறார். பொன்னானி ஷெய்கு ஜைனுத்தீன் மக்தூம் பதினாறாம் நூற்றாண்டில் அரபியில் எழுதிய துஹ்பத்துல் முஜாஹிதீன் என்ற நூலை 1942இல் ஆங்கிலத்தில் கொடுத்தார். 1498இல் வாஸ்கோடகாமா வந்தது முதல் 1583 வரை, மிளகும் இஞ்சியும் விற்றுப் பிழைத்த மலபார் வணிகர்கள் போர்த்துகீசியரிடம் பட்ட பாட்டை, அனுமதிச் சீட்டு இல்லாத கப்பலைப் பிடித்த கொடுமையை, அந்த மண்ணின் ஆலிம் ஒருவரே எழுதி வைத்த நூல் அது. இதையும் நமக்கு முன்பே பிறர் மொழிபெயர்த்துவிட்டார்கள். 1833இல் லண்டனில் ஒரு பதிப்பு, 1898இல் லிஸ்பனில் போர்த்துகீசிய மொழியிலேயே ஒரு பதிப்பு. அடித்தவனுடைய பேரன் ஆர்வத்தோடு படித்திருக்கிறான். அடிபட்டவனுடைய பேரன்கள் எத்தனை பேர் படித்திருக்கிறோம்?

பணம் எங்கே என்பீர்கள். சீறாப்புராணம் எந்த அரசாங்க மானியத்தில் வந்தது? உமறுப் புலவருக்குக் கை கொடுத்தவர்கள் கீழக்கரை சீதக்காதியும் பரங்கிப்பேட்டை அபுல் காசிம் மரைக்காயரும். இருவரும் வணிகர்கள். ஒரு மொழிபெயர்ப்பாளர் மற்ற வேலையை விட்டு உட்கார்ந்தால்தான் இப்படிப்பட்ட நூல் வரும். அவர் வீட்டு அரிசி பருப்புக்கு வழி செய்யாமல், "நன்மையை நாடிச் செய்யுங்கள் ஹஜ்ரத்" என்று சொல்லி அனுப்புவது சரியில்லை. நூறு பிரதிக்கு முன்பணம் கட்டுங்கள். கடையில் கொலு வைக்க அல்ல. வேலை பார்க்கும் தம்பிமார்களுக்குக் கொடுக்க.

கையில் நூல் கிடைத்ததும் முதலில் பார்க்க வேண்டியது அட்டையை அல்ல, உள்பக்கத்தை. மூலத்திலிருந்து பெயர்த்ததா, ஆங்கிலம் வழியாகப் பெயர்த்ததா? முழு நூலா, சுருக்கமா? கலைச்சொற்களுக்கு விளக்கம் உண்டா? சரக்கின் ஊர் பெயர் கேட்காமல் மூட்டையை இறக்க மாட்டீர்களே, அது போல.

முகத்திமாவை முதல் பக்கத்திலிருந்து தொடங்காதீர்கள், பாதியில் மூடிவிடுவீர்கள். பிழைப்பையும் வணிகத்தையும் கைத்தொழிலையும் பேசும் ஐந்தாம் அத்தியாயத்தில் நுழையுங்கள். பிறகு அரசையும் வரியையும் பேசும் மூன்றாம் அத்தியாயம். ஏழு இக்லீம்களாக உலகைப் பிரித்துச் சொல்லும் முதல் அத்தியாயத்தைக் கடைசிக்கு வைத்துக் கொள்ளுங்கள். அங்கே வெப்ப நாட்டுக் கறுப்பின மக்களைப் பற்றி அவர் சொல்லியிருப்பது அவர் காலத்துப் பூகோள அறிவு. இன்று அதை ஏற்க முடியாது. அந்த இடம் வரும்போது பக்கத்தில் பென்சிலால் ஒரு கோடு போட்டு விட்டு மேலே படியுங்கள்.