அரசின் கடனும் நீதியின் முறையும்



மதுரையிலே கோவலன் கொலையுண்ட வரலாற்றை அறியாத தமிழர் இலர். பொற்கொல்லன் குற்றஞ் சாட்டினான். பாண்டியன் காவலரை ஏவினான். கோவலனை அவையில் நிறுத்தி, இச்சிலம்பு உனக்கு எவ்வாறு கிடைத்தது என்று எவரும் வினவவில்லை. சிலம்பினுள் இருப்பது முத்தோ மாணிக்கமோ என்று பார்த்திருந்தால் உண்மை நொடியில் விளங்கியிருக்கும். பின்னர் பார்த்தார்கள், ஆனால் அதற்குள் தண்டனை நிறைவேறிவிட்டது.

இவ்வரலாற்றை இன்று நினைவூட்டுவதற்குக் காரணம், அண்மைக் காலத்தில் அவுஸ்திரேலியாவில் நிகழ்ந்த ஒன்றாகும். அந்நாட்டு அரசாங்கம் தொழிலற்றோர், மாணவர் முதலியோருக்கு இரு வாரங்களுக்கு ஒருமுறை உதவிப்பணம் வழங்குகின்றது. அவர்கள் வேலைசெய்து ஊதியம் பெறுவார்களாயின், அந்த இரு வாரங்களுக்குரிய உதவி அதற்கேற்பக் குறையும். கூடுதலாகப் பெற்றவரிடமிருந்து அத்தொகையை மீட்பது அரசின் உரிமை, கடமையுங்கூட. பொதுப்பணம் எல்லோருடைய பணமன்றோ?

ஆயின், மீட்கும் முறை எத்தகையது என்பதே கேள்வி. 2015 ஆம் ஆண்டில் சோதனையாகத் தொடங்கி, 2016 ஆம் ஆண்டிலிருந்து பெருமளவில் இக்கணக்கைக் கணினியே பார்த்தது. வரித் திணைக்களத்தில் பதிவான ஆண்டு வருமானத்தை அது 26 ஆல் வகுத்தது. ஒவ்வோர் இரு வாரத்திலும் ஒருவர் அவ்வளவே உழைத்தார் என்று கொண்டது. ஆண்டின் முற்பாதியில் வேலையின்றி உதவி பெற்ற ஒருவர், பிற்பாதியில் வேலை கிடைத்து 26,000 டொலர் உழைத்தார் என வைத்துக்கொள்வோம். கணினியின் கணக்கில் அவர் வேலையற்றிருந்த காலத்திலும் இரு வாரத்துக்கு 1,000 டொலர் பெற்றவராகிவிடுவார். உடனே அவர் கடனாளி!

என் தொழிலிலிருந்து ஓர் உவமை கூறுகிறேன். ஒரு மாணவன் முதல் ஆறு மாதமும் தவறாது பாடசாலைக்கு வந்தான்; பின் நோயுற்று ஆறு மாதம் வரவேயில்லை. இரண்டையும் கூட்டிப் பங்கிட்டு, ஆண்டு முழுவதும் நாள்தோறும் அரைநாள் பாடசாலையை விட்டு ஓடினான் என்று வரவு இடாப்பில் எழுதி, அதற்காக அவனைத் தண்டிக்கும் ஆசிரியரை என்னென்பது?

முன்னர் ஐயம் எழுந்தால், உத்தியோகத்தர் வேலைகொள்வோரிடம் விசாரித்து உண்மை அறிவது வழக்கம். புதிய முறையிலோ, கடன் இல்லை என்று நிரூபிக்கும் சுமை குடிகளின் தலையில் ஏற்றப்பட்டது. பல ஆண்டுகளுக்கு முந்திய சம்பளச் சீட்டுகளை ஏழைத் தொழிலாளி எங்கே தேடுவார்? சிலருக்கு அறிவித்தல் பழைய முகவரிக்குப் போயிற்று. கடன் வசூலிப்போர் வந்தபோதே அவர்கள் செய்தியை அறிந்தனர். வேறு சிலருக்கு உரிய வரி மீளளிப்புப் பணமும் பற்றிக்கொள்ளப்பட்டது.

2019 நவம்பரில், இத்தகைய கடனொன்றுக்குச் சட்ட அடிப்படை இல்லையெனக் கூட்டாட்சி நீதிமன்றம் கட்டளையிட்டது. ஏறத்தாழ 433,000 பேர்மீது 170 கோடி டொலருக்கு மேற்பட்ட கடன் முறைகேடாகச் சுமத்தப்பட்டது என்பது 2021 ஆம் ஆண்டில் அதே நீதிமன்றத்தில் வெளிப்பட்டது. 2023 யூலையில் அறிக்கை சமர்ப்பித்த அரச ஆணைக்குழு, அம்முறை நியாயமுமன்று, சட்டத்துக்கு அமைந்ததுமன்று என முடிவுசெய்தது. அது சட்டத்துக்கு ஒவ்வாதது என்ற ஆலோசனை 2014 ஆம் ஆண்டிலேயே ஒரு திணைக்களத்தின் கோவையில் இருந்தது என்பதும் அங்கே தெரியவந்தது. உயிரை மாய்த்துக்கொண்ட இளைஞரின் அன்னையரும் அவ்வாணைக்குழுவின் முன் சாட்சியம் கூறினர். திருப்பிக் கொடுத்த பணம் அவர்களுக்கு எதனை மீட்டுத் தரும்?

இலட்சக்கணக்கான கோவைகளை ஒவ்வொன்றாக விசாரிப்பது இயலுமா என்று சிலர் வினவலாம். இலட்சம் பேரிடம் பணங் கேட்க இயலுமாயின், அவ்விலட்சம் பேருக்கும் செவிசாய்க்கவும் இயலவேண்டும். இயலாதாயின் கேட்டல் ஆகாது.

எதிர்த்தரப்பைக் கேளாது தீர்ப்பளித்தல் கூடாது என்பதும், தன் வழக்கில் தானே நீதிபதியாகக் கூடாது என்பதும் இயற்கை நீதியின் இரு தூண்கள். கடன் கேட்கும் அரசு தானே கணக்கெழுதி, தானே தீர்ப்பளித்து, தானே வசூலிக்கும்பொழுது இரண்டும் சாய்கின்றன. ஆகவே, அறிவித்தல் உரியவர் கையில் சேரவேண்டும்; கணக்கு எவ்வாறு வந்தது என்பது விளங்கும் மொழியில் காட்டப்படவேண்டும்; மறுமொழி கூறப் போதிய தவணை வேண்டும்; அதனைக் கேட்க ஒரு மனிதர் இருத்தல் வேண்டும்; மேன்முறையீடு முடியும்வரை வசூல் நிற்கவேண்டும். கடன் உண்டென்று நாட்டவேண்டியவர் கடன் கேட்பவரே.

கணினி எங்கும் பரவிவரும் இக்காலத்தில் இவ்வெச்சரிக்கை எல்லா நாட்டுக்கும் பொருந்தும். சிலம்பை உடைத்துப் பார்த்தல் தீர்ப்புக்கு முன்னரே நிகழவேண்டும்.