கோயிலைக் கட்டியவன் பெயர் எந்தப் புத்தகத்தில்?

(படிப்பக உறுப்பினர்களிடையே நிகழ்த்திய சொற்பொழிவு)



கலை வரலாறு, கட்டடக்கலை வரலாறு என்று தடித்த புத்தகங்கள் இருக்கின்றன. கனமும் அதிகம், விலையும் அதிகம். மில்லில் எட்டு மணி நேரம் நின்றுவிட்டு வருகிறவனுக்கும், நாற்று நட்டுவிட்டு வருகிறவளுக்கும் இது எதற்கு என்று நம்மிலேயே சிலர் கேட்கிறார்கள். ராஜா கட்டிய கோயில், ராஜாவின் புகழ் பாடும் புத்தகம். நமக்கு அதிலே என்ன பங்கு? பங்கு இருக்கிறது என்பதைத்தான் இன்று நாம் பேசப்போகிறோம்.

முதலில், எழுதியவர்கள் யார்? ஜேம்ஸ் பெர்குசன் என்ற ஸ்காட்லாந்துக்காரர் 1876-ல் இந்தியக் கட்டடக்கலை வரலாற்றைப் பெரிய நூலாக வெளியிட்டார். வெகுகாலம் அதுதான் வேதவாக்கு. அவருக்குப் பணம் சேர்ந்தது வங்காளத்து அவுரித் தொழிலில். அவுரி விவசாயிகள் பட்ட பாடு 1859-ல் கலகமாக வெடித்தது. அதற்கு முன்பே அவர் தொழிலை விட்டுவிட்டார் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

அவருக்கும் முன்னால் நம்மவர் ஒருவர் எழுதினார். தஞ்சாவூரில் பிறந்து பெங்களூரில் நீதிபதியாக இருந்த ராம் ராஸ். 48 படங்களுடன் அவருடைய நூல் 1834-ல் லண்டனில் வெளியானது. அப்போது அவர் உயிரோடு இல்லை. சிற்ப சாத்திர ஏடுகளைத் தேடிப் பிடித்தார். பண்டிதர்களைக் கேட்டார். அவர்களுக்கு வடமொழி தெரியும், தூணும் பொதிகையும் தெரியாது! கடைசியில் தஞ்சையைச் சேர்ந்த ஒரு கம்மாளச் சிற்பிதான் சொற்களுக்குப் பொருள் சொன்னார். நூலின் முகப்பிலே ராம் ராஸின் பெயர் இருக்கிறது. சிற்பியின் பெயர் இல்லை.

புதுச்சேரியில் ஆசிரியராக இருந்த பிரெஞ்சுக்காரர் ழூவோ துப்ராயும் 1914-ல் வெளியிட்ட நூலுக்கு உளி பிடித்தவர்களைத்தான் நம்பினார். பொதிகையின் வளைவையும் கூட்டின் வடிவையும் பார்த்தே கோயிலின் காலத்தைச் சொல்ல அவர் வழி கண்டார்.

இனித் தஞ்சைப் பெரிய கோயிலுக்கு வருவோம். முடிந்தது 1010-ல். பக்கத்திலே கல்மலை கிடையாது; அத்தனை கல்லும் தொலைவிலிருந்து வந்தது. யார் இழுத்தார்கள்? பேரில்லை. ஆனால் கல்வெட்டுகள் முழுக்க ஊமையல்ல. ஹுல்ட்ஸ் என்ற ஜெர்மானியர் 1891-லிருந்து அவற்றை அச்சிட்டார். அதிலே குஞ்சரமல்லனான இராசராசப் பெருந்தச்சனும், அவனோடு நித்தவினோதப் பெருந்தச்சனும், கண்டராதித்தப் பெருந்தச்சனும் இருக்கிறார்கள். நாவிதர், தையல்காரர், குயவர், வண்ணார், தட்டார் எல்லோருக்கும் ஆளுக்கு இவ்வளவு பங்கு என்று கணக்கு. பல கோயில்களிலிருந்து கொண்டுவந்து குடியேற்றப்பட்ட தளிச்சேரிப் பெண்கள் 400 பேர். எந்தத் தெரு, எந்தச் சிறகு, எத்தனையாவது வீடு என்றுகூடப் பொறித்திருக்கிறது. ஒரு பங்குக்கு ஆண்டொன்றுக்கு நெல் 100 கலம்.

அந்த நெல் எங்கிருந்து வந்தது? அதற்கும் கல்வெட்டு உண்டு. கோயிலுக்கு விடப்பட்ட ஊர்களின் நிலத்தை அளந்து, வரி கட்டாத இடங்களைக் கழிக்கிறார்கள். ஊர் நத்தம் கழிகிறது. குளமும் வாய்க்காலும் கழிகின்றன. கம்மாணச்சேரி, பறைச்சேரி, தீண்டாச்சேரி, பறைச்சுடுகாடு, இவையும் கழிகின்றன. ஆயிரம் ஆண்டுக்கு முன்னே ஊர் வேறு, சேரி வேறு! உழுதவன் பெயர் ஒரு வரியிலும் இல்லை. அவன் குடியிருந்த இடமும் எரிந்த இடமும் மட்டும் அளவோடு இருக்கின்றன. விமானத்தின் உயரத்தை அண்ணாந்து பார்த்து எழுதியவர்கள் இந்த வரிகளைத் தாண்டிப் போனார்கள். ஜப்பானிய அறிஞர் நொபொரு கராஷிமா சோழர் கல்வெட்டுகளை வரி வரியாகப் படித்து, நிலம் யாரிடம் இருந்தது, யார் உழைத்தார்கள் என்று கேட்டார். அவருடைய நூல் 1984-ல் வந்தது. கட்டடத்தைப் பற்றிய புத்தகமல்ல அது. ஆனாலும் கட்டடப் புத்தகத்தோடு சேர்த்தே படிக்க வேண்டும்.

இவையெல்லாம் ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் இருக்கின்றன என்பீர்கள். உண்மை. தமிழில் தொடங்க மயிலை சீனி. வேங்கடசாமி 1956-ல் எழுதிய 'தமிழர் வளர்த்த அழகுக் கலைகள்' இருக்கிறது. எழுதியவர் பள்ளிக்கூட ஆசிரியர், நடை எளிது. நம் படிப்பகத்தில் அதையே முதலில் எடுத்துக்கொள்வோம். ஒருவர் உரக்கப் படிக்கட்டும், மற்றவர்கள் கேட்கலாம். கொத்து வேலை, தச்சு வேலை தெரிந்த தோழர்கள் அன்று தவறாமல் வரவேண்டும். அதிட்டானம், பொதிகை, கபோதம் என்று வருகிற இடங்களில் அவர்கள்தான் நமக்குச் சொல்லித்தர வேண்டும்.