கண்டல் காட்டு நீலத் தாவி

அமெரிக்காவின் தென்கோடியில், புளோரிடா மாநிலத்தின் எவர்கிளேட்ஸ் தேசியப் பூங்கா வாசலில் புறப்படும் சாலை சுமார் 61 கிலோமீட்டர் ஓடி, கடலோரம் பிளமிங்கோ என்ற இடத்தில் முடிகிறது. வழியெல்லாம் கோரை வெளி. கடல் நெருங்க நெருங்க நீரில் உப்பு ஏறும், கோரை குறையும், கண்டல் மரங்கள் இருபுறமும் நெருக்கிக்கொண்டு வரும்.

பிளமிங்கோ படகுத்துறையில் முதலையைப் பார்க்கத்தான் கூட்டம். நேயர்களே, அங்கே போனால் இலைகளின் அடிப்பக்கத்தையும் பாருங்கள்.

இறக்கையை விரித்துத் தலைகீழாக ஒட்டியிருக்கும் கருநிறப் பூச்சி, கண்டல் தாவி. தாவி இன வண்ணத்துப்பூச்சிகள் பலவும் மங்கிய பழுப்பு. இதற்கோ கறுப்பின் மேல் மின்னும் நீலக் கீற்றுகள். வெயில் பட்டால் ஒளிரும். சட்டென எழுந்தால் கண்ணால் தொடர முடியாத வேகம்.

புளோரிடாவில் இதன் புழுவுக்கு உணவும் வீடும் சிவப்புக் கண்டல்தான். பிச்சாவரத்தில் படகேறியவர்களுக்கு இதன் நெருங்கிய உறவான சுரபுன்னையைத் தெரியும்: அதே தாங்கு வேர்கள், மரத்திலேயே முளைவிட்டுத் தொங்கும் அதே நீண்ட காய்கள். புழு கண்டல் இலையை மடித்து, தன் வாயில் சுரக்கும் நூலால் தைத்து, உள்ளே ஒளிந்துகொள்கிறது. சிறுவயதில் செங்கல் நிறம், மஞ்சள் வளையங்கள். வளர்ந்ததும் உடல் முழுக்க வெண்பொடி. தலையில் கண்போல இரண்டு புள்ளிகள். கூட்டுப்புழுவாவதும் இலை மடிப்புக்குள்ளேதான்.

ஒரே மரத்தை நம்பிய இந்த வாழ்வில்தான் கவலையும் இருக்கிறது. 2017 செப்டம்பரில் இர்மா சூறாவளி இக்கரையைத் தாக்கியது. பள்ளங்களில் புகுந்த கடல்நீர் வடியாமல் தேங்கியதால், காற்றுக்குத் தப்பிய கண்டல்களும் பின்னர் பட்டுப்போயின. கருங்கண்டல் முறிந்தாலும் அடிமரத்திலிருந்து துளிர்க்கும். சிவப்புக் கண்டலின் முதிர்ந்த கட்டைக்கு அந்தத் திறன் இல்லை. விழுந்த முளைகள் வேரூன்றித்தான் காடு திரும்ப வேண்டும்.

கண்டலைத் தன்னிச்சையாக வெட்டுவதைத் தடுக்க புளோரிடா 1996இல் தனிச்சட்டம் இயற்றியது. முதிர்ந்த தாவிக்குக் காட்டுக்கு வெளியேயும் தேன் கிடைக்கிறது. ஊர்த் தோட்டத்துக் காகிதப்பூவிலும், சாலையோரக் களைப்பூவிலும் அது வந்து அமர்கிறது. முட்டையிடத்தான் கண்டலுக்குத் திரும்பியாக வேண்டும். ஆகவே கரையோர வீட்டுக்காரர் எவரும் கடல் தெரிய வேண்டும் என்று கண்டலைக் கழிக்கும் முன், மடிந்த இலைகளைப் பிரித்துப் பார்ப்பது நல்லது.