கேட்டவர் சொன்னபடியே எழுதினார்

(பழைய மாணவிகள் சங்க நூற்றாண்டு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



மகளிர் கல்லூரியொன்றில் படித்த ஒரு பெண்ணைப் பற்றி இன்று பேச விரும்புகிறேன். சோரா நீல் ஹர்ஸ்டன், அமெரிக்கக் கறுப்பின எழுத்தாளர். புளோரிடாவில் ஈட்டன்வில் என்ற கறுப்பின மக்களின் ஊரில், கடை வாசலில் பெரியவர்கள் சொன்ன கதைகளைக் கேட்டு வளர்ந்தவர். நியூயோர்க்கின் பார்னாட் கல்லூரிக்கு வந்தபோது, அந்தக் கதைகளும் படிப்புக்குரியவையே என்பதை மானிடவியல் பேராசிரியர் பிரான்ஸ் போவாஸிடம் கற்றார். 1928இல் பட்டம் பெற்றார்.

அலபாமாவில், மொபைல் நகருக்கு அருகே, கொசோலா என்ற முதியவர் இருந்தார். அடிமைகளை வெளிநாட்டிலிருந்து கொண்டுவருவது 1808இலேயே தடைசெய்யப்பட்டது. ஆனாலும் 1860இல் குளோடில்டா என்ற கப்பல் நூற்றுக்கு மேற்பட்டோரை மேற்கு ஆபிரிக்காவிலிருந்து களவாக ஏற்றிவந்தது. கொசோலா அவர்களுள் ஒருவர். அப்போது அவருக்கு ஏறத்தாழ 19 வயது.

சோரா 1927இல் அவரைச் சந்தித்து ஒரு கட்டுரை வெளியிட்டார். அதன் பெரும்பகுதி வேறொருவரின் நூலிலிருந்து எடுத்தது என்பது பல ஆண்டுகளின் பின் தெரியவந்தது. இதை நாங்கள் மறைக்க வேண்டியதில்லை. அவர் திரும்பப் போனார் என்பதுதான் எனக்கு முக்கியம். இம்முறை அவசரப்படவில்லை. பீச்சுப் பழங்கள் கொண்டுபோனார். இருவரும் இருந்து சாப்பிட்டார்கள். கிழவர் பேச விரும்பாத நாளில் பேசாமல் திரும்பிவந்தார். அடிமை வாழ்வில் வந்த பெயரை விட்டு, தாய் இட்ட பெயரால் கூப்பிட்டபோது அவர் கண்கலங்கினார். உங்கள் கதையைச் சொல்லுங்கள் என்றால், பாட்டனைச் சொல்லாமல் தகப்பனையும், தகப்பனைச் சொல்லாமல் மகனையும் எப்படிச் சொல்வது என்று கேட்டார். எங்கள் ஊர்க் கிழவர்களும் இதைத்தானே கேட்பார்கள்!

1931இல் நூல் முடிந்தது. பேச்சுவழக்கை மாற்றினால் பார்க்கலாம் என்றது ஒரு பதிப்பகம். சோரா மாற்றவில்லை. கொசோலா 1935இலும் சோரா 1960இலும் மறைந்தார்கள். ‘பரகூன்’ என்ற அந்த நூல் 2018இல்தான் அச்சேறியது.

ஆசிரியைகள் கோபிக்கக் கூடாது. எங்கள் பிள்ளை தன் அம்மம்மா சொன்னதை அப்படியே எழுதினால் நாங்கள் என்ன செய்கிறோம்? ‘பேச்சுவழக்கு’ என்று சிவப்புப் பேனாவால் கீறுகிறோம். பரீட்சைக் கட்டுரைக்கு அது சரி. ஆனால் இடம்பெயர்ந்து நடந்த வழியையும், 2004 மார்கழியில் கடல் வந்த காலையையும் அந்த அம்மம்மா கட்டுரைத் தமிழில் சொல்வதில்லை. இடையில் ஒரு நொடி போடுவார், ஒப்பாரியில் இரண்டடி இழுப்பார், பிறகு பேசாமல் இருப்பார். அதையெல்லாம் வெட்டினால் மிஞ்சுவது திகதியும் ஊர்ப்பெயரும்தான்.

சங்கத்திடம் ஒன்று கேட்கிறேன். நூற்றாண்டு நினைவாகக் கட்டடம் கட்டுவதாகச் சொன்னீர்கள், நல்லது, கட்டுங்கள். அதன் ஒரு மூலையில் ஓர் அலுமாரி வையுங்கள். ஒன்பதாந்தர மாணவிகள் ஒவ்வொருவருக்கும் ஒரு கொப்பி கொடுப்போம். வீட்டிலோ அயலிலோ உள்ள ஒரு மூத்தவரிடம் கேட்டு, சொன்னபடியே எழுதட்டும். சொன்னவர் சம்மதித்தால் மட்டும் அது அலுமாரிக்கு வரட்டும். சம்மதிக்காவிட்டால் கொப்பி வீட்டிலேயே இருக்கட்டும். புள்ளி போட வேண்டாம்.

முன்வரிசையில் எண்பது கடந்த அக்காமார் சிலர் இருக்கிறீர்கள். முதற் கொப்பியை உங்களிடமிருந்தே தொடங்கலாம் என்று நினைக்கிறேன். வரும்போது பிள்ளைகள் மாம்பழம் கொண்டு வருவார்கள்.